பந்தைப் பார்க்காதவன்

நிக்கலஸின் வலது கால் முறிந்த சத்தம் மைதானத்தின் அடுத்த கரைவரைக்கும் கேட்டதென்று கொட்டாஞ்சேனையில் இன்றைக்கும் சொல்லுகிறவர்கள் இருக்கிறார்கள். அது கொஞ்சம் கூட்டிச் சொல்லுகிற கதை. அன்றைக்குக் காற்று பலமாக இருந்தது. துறைமுகப் பக்கமிருந்து லொறிச் சத்தமும் வந்துகொண்டிருந்தது. நிக்கலஸுக்கு மட்டும் நன்றாகக் கேட்டது. ஆனால் சத்தத்துக்கு முன்னால் அவன் ஒன்றைக் கண்டிருந்தான். அதைத்தான் அவன் பிறகு வருஷக்கணக்காகச் சுமந்து திரிந்தான். ஒஸ்வால்ட் புல்லில் சறுக்கிக்கொண்டு வந்தபோது பந்து ஒரு முழம் தள்ளி உருண்டுகொண்டிருந்தது. ஒஸ்வால்டின் கண் பந்தில் இல்லை. நிக்கலஸின் முழங்காலுக்குக் கீழே, எலும்பு தோலை ஒட்டி ஓடுகிற இடத்தில் இருந்தது.

அது எழுபத்தெட்டாம் ஆண்டு. இரண்டு பேரும் ஒரே கழகம்; அது வெறும் பயிற்சி ஆட்டம். கொச்சிக்கடையில் ஒரே ஒழுங்கையில் பிறந்து, ஒரே நாளில் தேவாலயத்தில் முதல்நன்மை எடுத்து, ஒரே சோடி பூட்ஸை ஆளுக்கொரு பாதி ஆட்டமாகப் போட்டு வளர்ந்தவர்கள்.

அந்தக் காலத்தில் கொழும்பில் உதைபந்தாடுகிறவனுக்கு வேறொரு வேலை இருக்கும். துறைமுகத்தில், வங்கியில், பொலிசில் எங்காவது ஒரு கதிரை கொடுத்து, பின்னேரம் விளையாட விடுவார்கள். அலவி ஹாஜியார்தான் முதன்முதலில் அந்த வழக்கத்தை உடைத்தார். கப்பலில் வருகிற சாமான்களை வைக்கிற பெரிய கிட்டங்கி ஒன்று அவருக்கு இருந்தது. வடகொழும்பு வாண்டரர்ஸ் என்ற கழகமும் இருந்தது. அவர் நிக்கலஸையும் ஒஸ்வால்டையும் கூப்பிட்டு, கிட்டங்கிப் பக்கம் எட்டிப்பார்க்கவும் தேவையில்லை, காலையும் மாலையும் மைதானத்துக்கு வந்தால் போதும், சம்பளம் வீடு தேடி வரும் என்றார்.

ஊர் சிரித்தது. பந்து உதைக்கிறதுக்குச் சம்பளமா என்று கேட்டார்கள். நிக்கலஸின் அப்பா துறைமுகத்தில் பாரந்தூக்கி ஓட்டியவர். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து வெளியே வந்ததும் யாராவது மகனுக்கு என்ன உத்தியோகம் என்று கேட்டால், அலவி முதலாளியிடம் நிற்கிறான் என்று மட்டும் சொல்லிவிட்டு நடந்துவிடுவார். விளையாடுகிறான் என்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை. ஆனால் அந்த வருஷக் கிண்ண இறுதியாட்டத்தில் நிக்கலஸ் வலது ஓரத்தால் மூன்று பேரை வெட்டிக்கொண்டு போய் அடித்த கோலைக் கண்ட பிறகு, அதே மனிதர் பூசைக்குப் போகாத ஆட்களையும் தேடிப்போய்க் கதை சொன்னார். ஒஸ்வால்ட் நடுவில் நின்று பந்தைப் பிரித்துக் கொடுப்பான், நிக்கலஸ் ஓடுவான். ஒருத்தன் இல்லாமல் மற்றவன் இல்லை என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள்.

மாலைதீவிலிருந்து ஒரு கழகத்தின் ஆள் வந்ததும் அது மாறிப்போனது. அடுத்த பருவத்துக்கு ஒருத்தனைக் கூட்டிக்கொண்டு போக வந்திருந்தான். ஒருத்தனைத்தான். வாண்டரர்ஸின் பயிற்சி ஆட்டத்தைப் பார்த்துவிட்டு முடிவு சொல்லுகிறேன் என்றான். பார்க்கிறதற்கு அதிகம் இல்லை, நிக்கலஸ்தான் போகப்போகிறான் என்று அலவி ஹாஜியாரே முதல்நாள் சொல்லிவிட்டிருந்தார். ஆட்டம் தொடங்கிக் கொஞ்ச நேரத்தில் அந்தச் சறுக்கல் நடந்தது. ஒஸ்வால்ட் அழுதுகொண்டே நிக்கலஸைத் தூக்கி ஒரு வான் வண்டியில் ஏற்றினான். அடுத்த மாதம் மாலைதீவுக்குப் போனான்.

பெரியாஸ்பத்திரியில் கால் பொருந்தியது, ஆனால் ஒரு விரல் அளவு கட்டையாகப் பொருந்தியது. நிக்கலஸ் மாவுக்கட்டோடு கிடந்தபோது வாட்டில் ஒரு வானொலிப் பெட்டி இருந்தது. கிண்ணப் போட்டிகளின் நேர்முக வர்ணனை போகும். வர்ணனை செய்கிறவர் பந்து எங்கே நிற்கிறது என்பதையே சொல்லமாட்டார். மேகத்தையும் கூட்டத்தையும் பற்றிச் சொல்லுவார். நிக்கலஸுக்குப் பொறுக்காது. ஒலியைக் குறைக்கச் சொல்லிவிட்டு, இப்போது பந்து இன்னாரிடம் இருக்கும், இவன் இடது காலால் அடிக்கிறவன், ஆகையால் உள்ளே வெட்டுவான் என்று தானே சொல்லத் தொடங்கினான். வாட்டில் கிடந்தவர்கள் அவன் கட்டிலைச் சுற்றிக் கூடினார்கள். பக்கத்துக் கட்டில் நோயாளியின் மகள் கௌரி வானொலியில் தமிழ் நிகழ்ச்சித் தயாரிப்பாளர். அப்பாவைப் பார்க்க வந்தவர் அன்று பார்வை நேரம் முடிந்தும் போகாமல் நின்று கேட்டார். போகும்போது, நடக்கத் தொடங்கியதும் கலையகத்துக்கு வந்து தன்னைப் பார்க்கச் சொன்னார்.

இப்படித்தான் நிக்கலஸ் வர்ணனையாளன் ஆனான். இரண்டு வருஷத்துக்குள் அவன் குரல் தெரியாத தேத்தண்ணிக் கடை கொழும்பில் இல்லை என்றாகிவிட்டது. பந்து ஓடினால் அவன் சொற்களும் ஓடும், பந்து நின்றால் நிற்கும். மைதானத்தில் இருக்கிறவர்களே கையில் ட்ரான்சிஸ்டரை வைத்துக்கொண்டு, கண்ணால் பார்ப்பதைக் காதாலும் கேட்டார்கள். நிக்கலஸ் கல்யாணம் கட்டவில்லை. அப்பா இறந்த பிறகு அக்கா பிறிஜெற்றோடு கொட்டாஞ்சேனையில் ஒரு வாடகை வீட்டில் இருந்தான்.

எண்பத்து மூன்று ஆடிக் கலவரத்தில் அந்த வீடு எரிந்தது. அக்காவும் தம்பியும் பின்வாசலால் வெளியேறினார்கள். நிக்கலஸால் ஓட முடியவில்லை. ஒரு காலத்தில் கொழும்பிலேயே வேகமாக ஓடியவன் அன்று அக்காவின் தோளைப் பிடித்துக்கொண்டு நொண்டினான். அலவி ஹாஜியார் அவர்களைத் தன் கிட்டங்கிக்குள் கொண்டுபோய், வெங்காய மூட்டைகளுக்குப் பின்னால் இருத்தினார். கூட்டம் வந்து கேட்டைத் தட்டியபோது, இங்கே தமிழர் ஒருத்தரும் இல்லை என்று அல்லாஹ்வின் மேல் ஆணையிட்டார். மூட்டைகளுக்குப் பின்னால் குந்தியிருந்த நிக்கலஸ் அந்த நேரத்திலும் ஒஸ்வால்டைத்தான் நினைத்தான். அவன் மாலைதீவில் கடற்கரையில் இருப்பான். இந்தக் கால் சரியாக இருந்திருந்தால் நான் அங்கே இருந்திருப்பேன்.

ஒஸ்வால்ட் எண்பத்தாறில் திரும்பி வந்தான். மனைவி மாக்ரெட்டோடு வெள்ளவத்தையில் ஒரு மாடி வீடு எடுத்தான். விளையாடுகிற வயது போய்விட்டிருந்ததால் பயிற்றுநராக ஒரு கழகத்தில் சேர்ந்தான். வந்த கிழமையே நிக்கலஸைத் தேடி வந்து கட்டிப்பிடித்தான். நிக்கலஸ் பிடித்துக்கொண்டு நின்றான். அவனுக்கு ஒரு மைக் இருந்தது. அவசரம் இல்லை.

அவன் பொய் சொல்லவில்லை. அதில் அவனுக்கு ஒரு கர்வமே இருந்தது. ஒஸ்வால்டின் அணி ஒரு கோல் வாங்கினால், யார் விட்ட பிழை என்று சொல்ல மாட்டான். "பயிற்றுநரைப் பார்க்கிறேன்" என்பான். பிறகு ஒரு கணம் பேசாமல் இருப்பான். "இன்னும் எழும்பவில்லை" என்பான். கடைகளில் ஆட்கள் சிரிப்பார்கள். ஒரு தடவை, மழைக்குள் ஒஸ்வால்ட் கைகட்டி நின்றுகொண்டிருந்தபோது, "எல்லைக்கோட்டுக்கு அருகே ஒரு விளம்பரப் பலகை நிற்கிறது, நேயர்களே. மன்னிக்கவும், அது பயிற்றுநர்" என்றான். அந்தப் பேர் ஒட்டிக்கொண்டது. ஒஸ்வால்ட் மைதானத்துக்குள் நுழைந்தால் பார்வையாளர்கள் பலகை, பலகை என்று கத்தத் தொடங்கினார்கள். கிராண்ட்பாஸில் ஒரு மதிலில் கரியால் எழுதியும் இருந்தது. அந்தக் கழகம் அவனை நிறுத்தியது. அடுத்த கழகம் எடுத்தது, அதுவும் நிறுத்தியது. அவன் பயிற்றுவித்த அணிகள் வென்ற ஆட்டங்களும் இருந்தன. அவற்றில் நிக்கலஸ் வீரர்களின் பேரை மட்டும் சொன்னான்.

ஒரு நாள் ஒஸ்வால்ட் கலையகத்து வாசலில் காத்துநின்று, போதும் மச்சான், விட்டுவிடு என்று கேட்டான். தன் கண்ணுக்குத் தெரிகிறதைத்தானே சொல்லுகிறேன் என்றான் நிக்கலஸ். கண்ணுக்கு என்ற சொல்லைக் கொஞ்சம் அழுத்திச் சொன்னான். ஒஸ்வால்ட் முகம் மாறித் திரும்பிப் போனதைப் பார்த்து, அன்று தேத்தண்ணிக் கடையில் இரண்டு பிளேன்ரீ வாங்கிக் குடித்தான். அவ்வளவு ருசியாக இருந்தது.

தொண்ணூறில் வடக்கில் மறுபடியும் யுத்தம் மூண்டது. வடக்கிலிருந்து கொழும்புக்கு வருகிற தமிழ்ப் பெடியன் ஒவ்வொருத்தனும் ஏன் வந்தாய், யாரோடு இருக்கிறாய் என்று வாசலுக்கு வாசல் பதில் சொல்ல வேண்டிய காலம். ஒஸ்வால்டுக்கு அப்போது கடைசியாக ஒரு சின்னக் கழகம் கிடைத்திருந்தது. அவன் ஒரு புதிய கோல்காப்பாளனைக் கொண்டுவந்தான். பேர் அழகர், வயது இருபத்திரண்டு. மலைநாட்டுத் தேயிலைத் தோட்டத்திலிருந்து எழுபத்தேழுக் கலவரத்தில் வவுனியாவுக்கு ஓடிய குடும்பம். தங்க இடமில்லாமல் ஒஸ்வால்டின் வீட்டு முன்னறையில் படுத்தான். நெடுநெடுவென்று வளர்ந்த உடம்பு, தவளைபோலப் பாய்வான். அவன் வந்த பிறகு அந்தச் சின்னக் கழகம் அரையிறுதி வரைக்கும் ஏறிவிட்டது. பத்திரிகைகளில் ஒஸ்வால்டின் படம் வந்தது. யாரும் இப்போது பலகை என்று கத்தவில்லை.

நிக்கலஸுக்குச் சோறு இறங்கவில்லை. அரையிறுதிக்குப் போகிற பஸ்ஸில் அவனுக்கு அந்த வசனம் வந்தது. வந்ததும் அதன் அர்த்தம் முழுவதும் அவனுக்குத் தெரிந்தது. மைதானம் வரைக்கும் அதை நாக்குக்கு அடியில் வைத்து உருட்டிக்கொண்டே போனான். ஒரு பயம் காட்டினால் போதும், ஒஸ்வால்ட் ஒரு நாலு நாள் கதவு தட்டுகிற சத்தத்துக்கெல்லாம் வியர்க்கட்டும் என்று தனக்குச் சொல்லிக்கொண்டான்.

இரண்டாம் பாதியில் அழகர் ஒரு தண்டனை உதையைப் பாய்ந்து தடுத்தான். மைதானம் இரைந்தது. நிக்கலஸ் இரைச்சல் அடங்கும்வரை பொறுத்து, நிதானமாகச் சொன்னான்.

"வவுனியாவிலிருந்து வந்தவர். எப்போது வந்தார், எப்படி வந்தார் என்று எவருக்கும் தெரியாது. பயிற்றுநர் ஒஸ்வால்ட் தன் வெள்ளவத்தை வீட்டில் இத்தனை நாளும் ஒளித்து வைத்திருந்த..." ஒரு கணம் நின்றான். "ஆயுதம் இதுதான், நேயர்களே."

பக்கத்தில் இருந்த தொழில்நுட்ப ஆள் நிமிர்ந்து பார்த்தான். நிக்கலஸ் ஆட்டத்தைத் தொடர்ந்தான்.

அடுத்த நாள் விடியக் காலமை பொலிஸ் வெள்ளவத்தை வீட்டுக்குப் போய் ஒஸ்வால்டையும் அழகரையும் ஏற்றிக்கொண்டு போனது. கலவரத்துக்குப் பிறகு கொட்டாஞ்சேனையிலேயே அக்காவும் தம்பியும் எடுத்திருந்த வீட்டுக்குச் செய்தி மத்தியானத்துக்குள் வந்தது. கேட்டதும் நிக்கலஸின் நெஞ்சுக்குள் ஏதோ இனிப்பாகப் பரவியது. மறைத்து என்ன, அப்படித்தான் இருந்தது. கதிரையில் இருந்து, கட்டையான காலை நீட்டி, முழங்காலுக்குக் கீழே மெல்லத் தடவிக்கொண்டான். அழகரின் நினைவு கொஞ்ச நேரம் கழித்துத்தான் வந்தது. அவனையும் கொண்டுபோயிருக்கிறார்கள். அதை அவன் நினைத்துப் பார்க்கவில்லை. நினைத்துப் பார்க்காமல் விட்டது தற்செயலும் இல்லை.

பின்னேரம் மாக்ரெட் வந்தாள். அவளை அவன் அதற்கு முன் இரண்டு தரம்தான் கண்டிருக்கிறான். கதிரை காட்டியும் அவள் இருக்கவில்லை. உங்கள் சொல்லைத்தான் பொலிஸ் திருப்பித் திருப்பிக் கேட்கிறது, அது பகிடிக்குச் சொன்னது என்று நீங்கள் வந்து ஒரு வார்த்தை சொன்னால் விட்டுவிடுவார்கள், நிக்கலஸ் அண்ணை என்றாள். அவள் நிற்க அவன் இருந்தான். பார்க்கலாம் என்று மட்டும் சொன்னான். அவள் போகும்போது படியில் கால் தடுக்கி, மதிலைப் பிடித்துக்கொண்டு நின்று, பிறகு நடந்தாள்.

பிறிஜெற் குசினிக்குள் இருந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள். வெளியே வந்து தம்பிக்கு முன்னால் நின்றாள்.

"அலவி ஹாஜியார் எங்களை எங்க வைச்சிருந்தவர்?" என்று கேட்டாள்.

அவன் நீட்டியிருந்த காலை மடக்கிக்கொண்டான்.

"ஒளிச்சுத்தானே வைச்சிருந்தவர்? அண்டைக்கு ஆராவது உன்னைப்போல ஒருத்தன் றேடியோவில சொல்லியிருந்தா?"

அவள் பதிலுக்கு நிற்காமல் திரும்பிப் போய்விட்டாள்.

நிக்கலஸ் போகவேண்டும் என்று முடிவு செய்யுமுன்னமே அவர்கள் அவனை வரச் சொல்லிவிட்டார்கள். அந்தப் பொலிஸ் நிலையத்துப் பொறுப்பதிகாரி அவனை மரியாதையாக இருத்தினார். தான் பள்ளிக்கூடம் போன காலத்தில் நிக்கலஸ் விளையாடியதைப் பார்த்தவராம். வலது ஓரத்து ஓட்டத்தைக் கையால் மேசையில் கோடு போட்டுக் காட்டினார். பிறகு சிங்களத்திலேயே விஷயத்துக்கு வந்தார். ஒலிப்பதிவை வானொலியிலிருந்து எடுத்துக் கேட்டாகிவிட்டது, மொழிபெயர்ப்பும் கையில் இருக்கிறது. ஆயுதம் என்றது விளையாட்டுப் பேச்சா, அல்லது நிக்கலஸ் மஹத்தயாவுக்கு ஏதாவது தெரியுமா? ஒஸ்வால்டை ஒரு நிமிஷம் பார்க்க விட்டால் சொல்லுகிறேன் என்றான் நிக்கலஸ். அதிகாரி யோசித்துவிட்டுத் தலையாட்டினார்.

பின்பக்கத்து நடையில் ஒரு மர வாங்கில் ஒஸ்வால்டை இருத்தியிருந்தார்கள். சாரம் கட்டியிருந்தான். இடது கண் வீங்கி மூடியிருந்தது. ஒற்றைக் கண்ணால் நிக்கலஸை அண்ணாந்து பார்த்தான்.

"மாக்ரெட் சொல்லியோ வந்தனி?"

"இல்லை. ஒண்டு கேக்க வந்தனான்." நிக்கலஸ் அவனுக்குப் பக்கத்தில் இருக்கவில்லை. "அண்டைக்கு நீ பந்தைப் பாத்தனியா?"

எந்த அன்று என்று ஒஸ்வால்ட் கேட்கவில்லை. நடையின் அந்தப் பக்கம் ஒரு பொலிஸ்காரன் வாளியில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தான். வாளி நிறைந்து அவன் தூக்கிக்கொண்டு போகிறதை ஒஸ்வால்ட் பார்த்துக்கொண்டிருந்தான். ஓம், பந்தைத்தான் பார்த்தேன் என்று அவன் சொல்லியிருக்கலாம். அந்தப் பதிலோடு அழுதிருக்கலாம், காலைப் பிடித்திருக்கலாம். நிக்கலஸ் அதையெல்லாம் எதிர்பார்த்து, அதற்கெல்லாம் என்ன சொல்லுவது என்று ஆயத்தமாகத்தான் வந்திருந்தான்.

"இல்லை," என்றான் ஒஸ்வால்ட். "உன்ர காலைத்தான் பாத்தனான். முறியவேணும் எண்டுதான் அடிச்சனான்."

நிக்கலஸ் கால்சட்டைப் பைக்குள் கையை விட்டுக்கொண்டான்.

"நீயும் அந்தச் சொல்லைப் பாத்துத்தானே சொன்னனி?" என்று ஒஸ்வால்ட் கேட்டான்.

"ஓம்."

"அப்ப சரி. என்னைப் பற்றி நீ விரும்பினதைச் சொல்லு. அழகரை விடச் சொல்லு. உனக்கும் எனக்கும் நடுவில அவன் இருக்கேல்ல."

அவ்வளவுதான் அவர்கள் பேசினார்கள். நிக்கலஸ் அதிகாரியின் அறைக்குத் திரும்பிப் போனான். அழகரைப் பற்றித் தனக்குத் தெரிந்ததையெல்லாம் சொன்னான், தெரியாததையும் சொன்னான். தோட்டத்துக் குடும்பம், எந்தக் கோளாறும் இல்லாத பெடியன், அவனைக் கொழும்புக்குக் கூப்பிட வேண்டும் என்று நானே சொல்லியிருந்தேன், ஆயுதம் என்றது அவன் கையைப் பற்றிய பேச்சு, விளையாட்டில் அப்படிச் சொல்லுவது வழக்கம், வேண்டுமானால் கையெழுத்து வைக்கிறேன் என்றான். குரல் ஒரு இடத்திலும் தடுக்கவில்லை. அதிகாரி எழுதினார். எழுதி முடித்து, அப்படியென்றால் பயிற்றுநர் எப்படி என்று கேட்டுப் பேனையைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தார்.

அந்த இடத்தில் ஒரு வார்த்தை போதும். ஒளித்து வைத்தது என்றதும் பேச்சுக்குத்தான், அவனைச் சின்ன வயதிலிருந்து தெரியும் என்றால் போதும். நிக்கலஸ் மேசையில் அதிகாரி விரலால் போட்ட கோட்டைப் பார்த்தான். வலது ஓரத்தால் போய் உள்ளே வெட்டுகிற கோடு.

"அவரைப் பற்றிச் சொல்ல என்னட்ட ஒண்டும் இல்லை," என்று சிங்களத்தில் சொன்னான்.

ஒரே ஊர் என்று சொன்னார்களே என்றார் அதிகாரி. ஒரே ஒழுங்கைதான், அதற்கு மேல் பழக்கம் இல்லை, அவர் பலகாலம் வெளிநாட்டில் இருந்தவர், அங்கே யாரோடு பழகினார் என்று எனக்குத் தெரியாது என்றான். கடைசி வசனத்தை யாரும் அவனிடம் கேட்கவில்லை. அவனாகவே கொடுத்தான்.

அழகரை அந்தக் கிழமையே விட்டார்கள். ஒஸ்வால்டை விடவில்லை. மாலைதீவில் அவனுக்குக் கடிதம் எழுதியவர்கள், மாலைதீவிலிருந்து அவனோடு கப்பலில் வந்தவர்கள் என்று ஒவ்வொன்றாகத் துருவினார்கள். கிட்டத்தட்ட ஒரு வருஷம் உள்ளே இருந்தான். மாக்ரெட் மறுபடி கொட்டாஞ்சேனைக்கு வரவில்லை. வெள்ளவத்தை மாடி வீட்டை விட்டு, கொலன்னாவையில் யாரோ சொந்தக்காரர் வீட்டின் ஒரு அறைக்குப் போய்விட்டாள் என்று கேள்விப்பட்டான். நிக்கலஸ் அந்த வருஷம் நன்றாக நித்திரை கொண்டான். பிறிஜெற் அவனுக்குச் சோறு போட்டாள், உடுப்புத் தோய்த்தாள், கதைக்கமாட்டாள். கேட்டதற்கு ஓம், இல்லை. அதோடு சரி.

மைக் போனதும் அந்த வருஷம்தான். கௌரி ஒரு நாள் கூப்பிட்டு, அறைக்கதவைச் சாத்திவிட்டு, அந்த அரையிறுதியின் ஒலிநாடாவைப் போட்டார். ஒளித்து வைத்திருந்த என்ற இடத்தில் குரல் நின்றது. பிறகு அந்தச் சொல் விழுந்தது. கௌரி நாடாவை நிறுத்தினார்.

"அந்த இடத்தில ஏன் நிண்டீங்கள்?" என்று கேட்டார்.

மூச்சு வாங்கினேன் என்றான் நிக்கலஸ்.

"பன்னிரண்டு வருஷமா உங்கட குரலை நான் வெட்டி ஒட்டிக்கொண்டிருக்கிறன். உங்களுக்கு மூச்சு எங்க முடியும் எண்டு எனக்குத் தெரியும், நிக்கலஸ்."

கோபமாகச் சொல்லவில்லை. உங்களுக்கு முன்னால் இனி நேரடி ஒலிபரப்பு மைக் வைக்க எனக்குப் பயமாக இருக்கிறது என்றார். அன்றிலிருந்து அவன் பின்னேரச் செய்தியின் கடைசியில் விளையாட்டு முடிவுகளை வாசித்தான். அதுவும் முன்னதாகப் பதிவு செய்தது. பந்து ஓடுவதைப் பார்த்துச் சொல்லுகிற வேலை ஒரு இளம் ஆளுக்குப் போனது. நிக்கலஸ் அதற்காக யாரோடும் சண்டை பிடிக்கவில்லை. இதுவும் ஒஸ்வால்ட் எடுத்ததுதான், முதலில் காலை, இப்போது குரலை என்று தனக்குள் சொல்லிப் பார்த்தான். அது சரியான கணக்கில்லை என்று அவனுக்கே தெரிந்தது. இருந்தாலும் சொல்லிக்கொண்டான்.

ஒஸ்வால்ட் வெளியே வந்த பிறகு அவர்கள் சந்திக்கவில்லை. அவன் பயிற்றுநர் வேலைக்குத் திரும்பவில்லை. கொலன்னாவையில் ஒரு விளையாட்டுச் சாமான் கடையில் நிற்கிறான் என்றார்கள். அழகர் பெரிய கழகம் ஒன்றுக்குப் போனான். சம்பளத்துக்கு விளையாடுவது அப்போது புதினமில்லாத விஷயமாகிவிட்டிருந்தது.

தொண்ணூற்றாறில் அழகர் வெற்றிலையும் அழைப்பிதழுமாகக் கொட்டாஞ்சேனை வீட்டுக்கு வந்தான். வெள்ளவத்தையில் ஒரு மண்டபத்தில் கல்யாணம். நிக்கலஸின் காலைத் தொட்டுக் கும்பிட்டான்.

"ஒங்கனாலதான் அண்ணே நான் வெளிய வந்தேன். அன்னைக்கு ரேடியோல சொன்னது வெளாட்டுப் பேச்சுதான்னு நீங்க வந்து பேசுனீங்கன்னு கோச்தான் சொன்னாரு. இல்லாட்டி எனக்கு எங்க தெரியும்?" என்றான்.

ஒஸ்வால்ட் வேறு ஒன்றும் சொல்லவில்லையா என்று நிக்கலஸ் கேட்டான். வேறு என்ன இருக்கிறது என்பதுபோல அழகர் பார்த்தான். ஒங்களப் பத்தி நல்லாத்தான் பேசுவாரு என்றான். அவன் போன பிறகு நிக்கலஸ் வெகுநேரம் வாசலிலேயே நின்றான். பெருந்தன்மையா, அல்லது இதுவும் ஒரு அடியா? குறிபார்த்து, காலை விட்டு வேறெங்கோ அடித்திருக்கிறானா? அவனால் கண்டுபிடிக்க முடியவில்லை. கண்டுபிடிக்க முடியாதது அவனுக்குக் கோபத்தைத் தந்தது.

கல்யாணத்துக்குப் போனான். வெள்ளவத்தைக்குப் போகிற காலி வீதியில் இரண்டு இடத்தில் ஆமிக்காரர் பஸ்ஸை மறித்து, ஆட்களை இறக்கிச் சோதித்து ஏற்றினார்கள். மண்டபத்துக்குள் நுழைந்ததுமே ஒஸ்வால்டைக் கண்டான். முன்வரிசையில், மாப்பிள்ளையின் தகப்பன் இருக்கவேண்டிய இடத்துக்குப் பக்கத்தில் இருந்தான். மெலிந்து, கழுத்தெலும்பு தெரிந்தது. இடது கண்ணின் இமை பாதிக்கு மேல் திறக்கவில்லை. மாக்ரெட் அவன் காதுக்குள் ஏதோ சொல்ல, அவன் தலையைப் பின்னால் சாய்த்துச் சிரித்தான். வாய் நிறைந்த சிரிப்பு. கொச்சிக்கடை ஒழுங்கையில் பெடியனாக இருந்தபோது சிரித்த அதே சிரிப்பு.

நிக்கலஸ் கடைசி வரிசையில் ஒரு கதிரையில் இருந்தான். அந்தச் சிரிப்பைத் தாங்கமுடியவில்லை. ஒரு வருஷம் உள்ளே கிடந்தவன், வேலை போனவன், வீடு போனவன், ஒரு கண் போனவன். இவன் எப்படிச் சிரிக்கிறான்? தாலி கட்டும்போது எல்லோரும் எழும்பி அட்சதை போட்டார்கள். நிக்கலஸின் கைக்குள் அரிசி வியர்வையில் ஒட்டிக்கிடந்தது. பந்தியில் ஒஸ்வால்ட் மூன்றாம் மேசையில் இருந்து, இரண்டாம் தரம் பாயசம் கேட்டு வாங்கிக் குடித்ததைப் பார்த்தான். ஒரு தரம் இரண்டு பேர் கண்ணும் சந்தித்தன. ஒஸ்வால்ட் பார்வையை விலக்கவும் இல்லை, தலையாட்டவும் இல்லை. பக்கத்தில் இருந்தவரோடு விட்ட கதையைத் தொடர்ந்தான்.

பின்னேரம் வீட்டுக்கு வந்து சேர்ந்தபோது பிறிஜெற் வாசல் கூட்டிக்கொண்டிருந்தாள். விளக்குமாற்றைச் சுவரில் சாத்திவிட்டு, அவனுக்கு வழிவிட்டாள். அவன் சப்பாத்தைக் கழற்றும்வரை பொறுத்து, ஒஸ்வால்ட் வந்திருந்தானோ என்று கேட்டாள். வருஷக்கணக்குக்குப் பிறகு அவளாகக் கேட்ட முதல் கேள்வி.

"ஓம். வந்திருந்தவன். நல்லாச் சிரிச்சவன்," என்றான்.

அக்கா அவன் முகத்தையே பார்த்தாள். அதில் எதைக் கண்டாளோ, குரல் தாழ்ந்து போனது.

"இன்னும் காணாதோ உனக்கு?"

காணாது, இன்னும் போதாது என்ற சொல்தான் நுனி நாக்குக்கு வந்தது. வந்த வேகத்தைப் பார்த்து அவனுக்கே திக்கென்றது. பல்லைக் கடித்துக்கொண்டு, சப்பாத்துகளைக் கையில் எடுத்துக்கொண்டு, சுவரைப் பிடித்துப் பிடித்து உள்ளே போனான்.